பள்ளிக் கதவு திறந்தாச்சு... பந்தி ஒண்ணாச்சா? கல்விக்கூடப் பாகுபாட்டுக்கு எதிரான சட்டப் போராட்டம் - முழு விவரம்

1900-களின் தொடக்கம். புதுக்கோட்டை மகாராஜா கல்லூரியில் சேர ஒரு பெண் விண்ணப்பித்தார். ஊர் திருக்கோகர்ணம், பெயர் முத்துலட்சுமி. நல்ல மதிப்பெண் எடுத்திருந்தும் உடனே இடம் கிடைக்கவில்லை. ஆண் பிள்ளைகள் படிக்கிற இடத்துல பொண்ணா என்று ஒரு எதிர்ப்பு. அவருடைய தாய் சந்திரம்மாள் தேவதாசி மரபுக் குடும்பத்தைச் சேர்ந்தவர் என்பதால் இன்னொரு எதிர்ப்பு. கடைசியில் மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் தலையிட்டு, "சேருங்க" என்று உத்தரவிட்ட பிறகுதான் கதவு திறந்தது.

அந்தப் பெண்தான் பின்னாளில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி.

இந்தச் சம்பவத்துல கவனிக்க வேண்டிய விஷயம் ஒண்ணு இருக்கு. அவர் கல்லூரிக்குள் போனது உரிமையால் அல்ல, மன்னரின் அனுமதியால். மன்னர் "வேண்டாம்" என்று சொல்லியிருந்தால் எந்தச் சட்டத்தைக் காட்டியும் கேட்டிருக்க முடியாது. 'அனுமதி' என்பதை 'உரிமை' ஆக மாற்றத்தான் நூறு வருஷத்துக்கும் மேலாக ஒரு சட்டப் போராட்டம் நடந்தது. அது முழுசா முடிஞ்சிருச்சா? முடியலை என்பதைத்தான் நாங்குநேரி சம்பவமும் நீதிபதி சந்துரு குழு அறிக்கையும் காட்டின.

அமெரிக்காவில் வெள்ளையருக்குத் தனிப் பள்ளி, கறுப்பினத்தவருக்குத் தனிப் பள்ளி என்ற முறை ஒழிந்த கதை பலருக்கும் தெரியும். நம்ம ஊர்ல நடந்த போராட்டம் அந்த அளவுக்குத் தெரியாது. இரண்டையும் சேர்த்து எளிமையாகப் பார்ப்போம்.

சுருக்கமா சில பாயின்ட்:

• 1856-லேயே தார்வாடில் ஒரு மகர் சாதி மாணவர் அரசுப் பள்ளியில் இடம் கேட்டு அரசுக்கு மனு போட்டார்.
• 1954 மே மாதம் அமெரிக்க உச்ச நீதிமன்றமும் இந்திய உச்ச நீதிமன்றமும் 9 நாள் இடைவெளியில் பள்ளிப் பாகுபாட்டுக்கு எதிராகத் தீர்ப்பளித்தன.
• 1955 முதல், தீண்டாமை காரணமாகப் பள்ளியில் இடம் மறுப்பது இந்தியா முழுவதும் குற்றம். சேர்த்த பிறகு பாகுபாடு காட்டுவதும் குற்றம்.
• 2024 ஜூனில் நீதிபதி சந்துரு குழு, பள்ளிகளின் பெயரில் உள்ள சாதி அடையாளங்களை நீக்கச் சொன்னது.

முதல் மனு எங்கே, எப்போ?

1856 ஜூன். அன்றைய பம்பாய் மாகாணத்தில் இருந்த தார்வாடு. அரசுப் பள்ளியில் சேர்க்க மறுத்துவிட்டார்கள் என்று ஒரு மகர் சாதி மாணவர் அரசுக்கு மனு கொடுத்தார். அரசுப் பள்ளி என்பது எல்லோருடைய வரிப்பணத்தில் நடப்பது. அதுல எனக்கு ஏன் இடமில்லை என்பதுதான் கேள்வி.

பம்பாய் அரசு கையை விரித்தது. மாணவர் பக்கம் நியாயம் இருப்பது புரிந்தாலும், இவரைச் சேர்த்தால் மற்ற பிள்ளைகள் எல்லாம் நின்றுவிடுவார்கள், பள்ளியே காலியாகிவிடும் என்று காரணம் சொன்னது. இந்தக் காரணத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த நூறு வருஷமும் இதே காரணம்தான் வேற வேற வார்த்தைகளில் திரும்பத் திரும்ப வரும்.

விவகாரம் லண்டன் வரை போனது. 1858-ல் கிழக்கிந்தியக் கம்பெனியின் இயக்குநர்கள், அரசுப் பள்ளிகள் எல்லா வகுப்பினருக்கும் பொதுவானவை என்று தெளிவுபடுத்தினார்கள். காகிதத்தில் கதவு திறந்தது. நடைமுறையில்?

1882-ல் ஹண்டர் கல்விக் குழு இந்தக் கொள்கையை மீண்டும் உறுதி செய்தது. கூடவே, எச்சரிக்கையோடு அமல்படுத்தணும் என்றது. எதிர்ப்பு இருக்கும் இடங்களில் ஒடுக்கப்பட்ட சாதிக் குழந்தைகளுக்குத் தனிப் பள்ளிகளை ஊக்குவிக்கலாம் என்றும் சொன்னது. "எல்லோருக்கும் பொது, ஆனா உங்களுக்குத் தனி" என்ற குழப்பத்தின் விதை இங்கேதான் விழுந்தது.

தமிழ்நாட்டில் தனிப் பள்ளிகள் எப்படி வந்துச்சு?

தனிப் பள்ளி என்றாலே ஒதுக்கி வைப்பதற்காகத் தொடங்கியது என்று நினைத்துவிடக் கூடாது. சென்னை மாகாணத்தில் பல தனிப் பள்ளிகள் நல்ல நோக்கத்தோடு தொடங்கப்பட்டவை. பொதுப் பள்ளி உள்ளே விடவில்லை, அப்போ குழந்தை எங்கே படிக்கும்? அந்தக் கேள்விக்கு வந்த அவசரப் பதில்தான் தனிப் பள்ளி.

கர்னல் ஆல்காட் 1894-ல் சென்னை அடையாறு பகுதியில் பஞ்சமர் இலவசப் பள்ளியைத் தொடங்கினார். 'பஞ்சமர்' என்பது ஒடுக்கப்பட்ட மக்களுக்கு அன்று இருந்த பெயர். கிறிஸ்தவ மிஷன்களும் சேரிகளில் பள்ளிகள் நடத்தின. 1920-களில் அரசின் தொழிலாளர் துறை, அதாவது மக்கள் 'லேபர் டிபார்ட்மென்ட்' என்று சொன்ன துறை, ஆதிதிராவிடர் குழந்தைகளுக்கென்று பள்ளிகளைத் திறந்தது. அந்தப் பள்ளிகளின் தொடர்ச்சிதான் பின்னாளில் அரிஜன நலப் பள்ளிகள் ஆகி, இன்று ஆதிதிராவிடர் நலப் பள்ளிகள் என்ற பெயரில் இருக்கிறது.

பொதுப் பள்ளிக்குள் போனவர்களின் நிலைமை என்ன? இரட்டைமலை சீனிவாசன் தன் வாழ்க்கைச் சுருக்கத்தில் எழுதியிருக்கிறார். கோயம்புத்தூரில் படித்தபோது, மற்ற மாணவர்களோடு பழகினால் சாதி, குடியிருப்பு எல்லாம் தெரிந்துவிடுமே என்று பயந்து பள்ளிக்கு வெளியிலேயே படித்துக்கொண்டிருப்பாராம். மணி அடித்த பிறகுதான் வகுப்புக்குள் போவாராம். பள்ளியில் பெயர் இருக்கு, வருகைப் பதிவு இருக்கு. ஆனா விளையாட்டு இல்லை, நட்பு இல்லை. 'சேர்க்கை' வேற, 'சேர்ந்திருப்பது' வேற என்பதற்கு இதைவிட எளிய உதாரணம் தேவையில்லை.

அதே சீனிவாசன் 1924-ல் சென்னை சட்டமன்றத்தில் கொண்டுவந்த தீர்மானம்தான் பொதுச் சாலை, பொதுக் கிணறு, பொது அலுவலகங்களை எல்லோரும் பயன்படுத்தலாம் என்று சொன்னது. பள்ளிக்கூடத்துக்குப் போகும் தெருவிலேயே நடக்க முடியலைன்னா, பள்ளி திறந்திருந்து என்ன பிரயோஜனம்?

ஒரே பள்ளி, ரெண்டு பந்தி: சேரன்மாதேவியில் என்ன நடந்தது?

தமிழ்நாட்டு அரசியலையே திருப்பிப் போட்ட பள்ளிக்கூடச் சண்டை இது. திருநெல்வேலி பக்கம் சேரன்மாதேவியில் வ.வே.சு. ஐயர் நடத்திய குருகுலம். தேசியக் கல்வி தரணும் என்று தொடங்கிய இடம். தமிழ்நாடு காங்கிரஸும் நிதி கொடுத்திருந்தது.

1924-25 வாக்கில் ஒரு விஷயம் வெளியே வந்தது. பிராமண மாணவர்கள் சிலருக்கு மட்டும் தனியாகச் சாப்பாடு பரிமாறப்படுகிறது. பொது நிதியில் நடக்கும் பள்ளியில் தனிப் பந்தியா என்று வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் கேள்வி எழுப்பினார்கள். காந்தி வரை பஞ்சாயத்து போனது. தீர்வு வருவதற்குள் 1925 ஜூனில் பாபநாசம் அருவியில் வ.வே.சு. ஐயர் இறந்துபோனார். பெரியார் காங்கிரஸை விட்டு விலகியதற்கு இட்ட அடித்தளங்களில் ஒன்று இந்தச் சண்டை.

இதுல கவனிங்க, யாரையும் பள்ளியில் சேர்க்க மாட்டோம் என்று சொல்லவில்லை. ஒரே கூரை, ஒரே ஆசிரியர், ஒரே பாடம். பந்தி மட்டும் ரெண்டு. அதற்காகவா இவ்வளவு சண்டை என்று அன்றும் சிலர் கேட்டார்கள். பாடத்தில் சமத்துவம் சொல்லிக் கொடுத்துவிட்டு, சாப்பாட்டு நேரத்தில் வேற பாடம் நடத்தினால் பிள்ளைகள் எதைக் கற்றுக்கொள்வார்கள் என்பதுதான் பதில்.

விடுதிகளிலும் இதே கதைதான். 1930 வாக்கில் தேவதாசி மரபுக் குடும்பங்களைச் சேர்ந்த சில சிறுமிகள் படிக்க ஆசைப்பட்டு சென்னையில் முத்துலட்சுமி ரெட்டியிடம் வந்தார்கள். சாதி பார்த்து நடந்த விடுதிகளில் அவர்களுக்கு இடம் கிடைக்கவில்லை. அவர்களைத் தன் வீட்டிலேயே தங்க வைத்தார். அங்கிருந்து பிறந்ததுதான் அவ்வை இல்லம்.

சட்டம் எப்போ வந்தது?

1938-ல் சென்னை மாகாண சட்டமன்றத்தில் எம்.சி. ராஜா முன்னெடுத்த சிவில் உரிமைத் தடைகள் நீக்கச் சட்டம் நிறைவேறியது. பொதுமக்களுக்கான சாலை, கிணறு, பொது நிறுவனங்களில் ஒடுக்கப்பட்ட சாதியினருக்குத் தடை போடக் கூடாது என்றது அந்தச் சட்டம். ஆனா புதுக்கோட்டை அப்போ தனி சமஸ்தானம். சென்னை மாகாணச் சட்டம் அங்கே தானாகச் செல்லாது. 1948 மார்ச்சில் புதுக்கோட்டை இந்தியாவோடு இணைந்து திருச்சி மாவட்டத்தின் பகுதியானது. தனி மாவட்டம் ஆனது 1974-ல்.

1950 ஜனவரி 26-ல் அரசியலமைப்பு அமலுக்கு வந்ததும் நாடு முழுக்க ஒரே அடிப்படை விதி வந்தது. மூன்று பிரிவுகளை மட்டும் பார்ப்போம்:

• பிரிவு 15: மதம், இனம், சாதி, பாலினம், பிறந்த இடம் பார்த்து அரசு பாகுபாடு காட்டக் கூடாது.
• பிரிவு 17: தீண்டாமை ஒழிக்கப்பட்டது. எந்த வடிவத்தில் இருந்தாலும் தடை.
• பிரிவு 29(2): அரசு நடத்தும் அல்லது அரசு நிதி பெறும் கல்வி நிறுவனத்தில் மதம், இனம், சாதி, மொழி ஆகியவற்றை மட்டும் காரணமாகக் காட்டி யாருக்கும் இடம் மறுக்கக் கூடாது.

1904 வாக்கில் மன்னரின் மனசு தேவைப்பட்டது. 1950-க்குப் பிறகு இந்தப் பிரிவுகளைக் காட்டி நீதிமன்றத்துக்கே போகலாம். போனார்கள்.

1954 மே: 9 நாளில் ரெண்டு தீர்ப்பு

முதலில் அமெரிக்கா. 1896-ல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 'பிளெஸ்ஸி' வழக்கில், வசதிகள் சமமாக இருந்தால் தனித்தனியாக வைப்பது தப்பில்லை என்று சொல்லியிருந்தது. அந்த ஒரு தீர்ப்பை வைத்து தென் மாநிலங்களில் பள்ளி, ரயில், தண்ணீர்க் குழாய் எல்லாமே ரெண்டாகப் பிரிந்தன. 'சமம்' என்பது பேச்சில்தான். வெள்ளையர் பிள்ளைகளுக்குப் பள்ளிப் பேருந்து, கறுப்பினப் பிள்ளைகளுக்கு நடராஜா சர்வீஸ். தென் கரோலினாவில் பெற்றோர்கள் முதலில் கேட்டதே ஒரு பள்ளிப் பேருந்துதான்.

கன்சாஸ் மாநிலத்தின் டொபீகா நகரில் லிண்டா பிரவுன் என்ற சிறுமிக்கு வீட்டுக்குப் பக்கத்தில் இருந்த வெள்ளையர் பள்ளியில் இடம் தரவில்லை. அவருடைய தந்தை பெயரில் தொடங்கியதுதான் 'பிரவுன்' வழக்கு. வேறு மாநிலங்களின் வழக்குகளும் இதோடு சேர்ந்து விசாரிக்கப்பட்டன. வாதாடியவர் தர்குட் மார்ஷல். பின்னாளில் அதே உச்ச நீதிமன்றத்தின் முதல் கறுப்பின நீதிபதி ஆனவர்.

வழக்கில் ஒரு முக்கியமான ஆதாரம், பொம்மை. கென்னத் கிளார்க், மேமி கிளார்க் என்ற உளவியலாளர் தம்பதி, கறுப்பினக் குழந்தைகளிடம் வெள்ளை பொம்மையையும் கறுப்பு பொம்மையையும் காட்டி எது நல்ல பொம்மை என்று கேட்டார்கள். பல குழந்தைகள் வெள்ளை பொம்மையைக் கைகாட்டின. ஒதுக்கி வைப்பது கட்டடத்தை மட்டும் பிரிப்பதில்லை, தன்னைப் பற்றிக் குழந்தை என்ன நினைக்கிறது என்பதையும் கெடுக்கிறது என்பதுதான் வாதம்.

1954 மே 17. தலைமை நீதிபதி ஏர்ல் வாரன் தலைமையில் 9 நீதிபதிகளும் ஒருமனதாகத் தீர்ப்பளித்தார்கள். கல்வியில் 'தனி' என்றாலே அது சமம் ஆகாது.

சரியாக 9 நாள் கழித்து, 1954 மே 26. இந்திய உச்ச நீதிமன்றம். பம்பாய் அரசு அந்த வருஷம் ஜனவரியில் ஒரு உத்தரவு போட்டிருந்தது. ஆங்கிலவழி வகுப்புகளில் ஆங்கிலோ இந்தியர்களையும் ஆசியர் அல்லாத வம்சாவளியினரையும் தவிர வேறு யாரையும் சேர்க்கக் கூடாது என்பதுதான் அது. இதனால் தேவ்லாலியில் இருந்த ஒரு பள்ளியில் இந்தியப் பிள்ளைகளுக்கு இடம் மறுக்கப்பட்டது. பெற்றோரும் பள்ளியை நடத்திய பம்பாய் கல்விச் சங்கமும் நீதிமன்றம் போனார்கள்.

இந்திய மொழிகளை வளர்க்கத்தான் இந்த உத்தரவு, யாரையும் ஒதுக்குவதற்கு அல்ல என்றது அரசு. நோக்கம் என்னவாக இருந்தாலும், விளைவில் ஒரு பிள்ளைக்குப் பிறப்பை வைத்து இடம் மறுக்கப்படுகிறதே என்று கேட்டது உச்ச நீதிமன்றம். பிரிவு 29(2)-க்கு எதிரானது என்று சொல்லி உத்தரவைச் செல்லாததாக்கியது.

ஒரே மாசத்தில் ரெண்டு நாட்டு நீதிமன்றங்களும் கிட்டத்தட்ட ஒரே இடத்துக்கு வந்து சேர்ந்தன. பிரவுன் தீர்ப்பு உலகப் புகழ் பெற்றது. நம்ம தீர்ப்பு சட்டப் புத்தகங்களோடு நின்றுவிட்டது.

அப்போ இடஒதுக்கீடும் பாகுபாடுதானே?

சமூக வலைத்தளங்களில் அடிக்கடி வரும் கேள்வி. இதுவும் நீதிமன்றம் பார்த்த விஷயம்தான். சென்னை மாகாணத்தின் வகுப்புவாரி அரசாணைப்படி மருத்துவ, பொறியியல் கல்லூரி இடங்கள் சாதி, மத வாரியாகப் பிரித்துத் தரப்பட்டன. செண்பகம் துரைராஜன் வழக்கில் 1951 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அந்த அரசாணை செல்லாது என்றது. காரணமாகக் காட்டியது அதே பிரிவு 29(2)-ஐத்தான்.

தமிழ்நாட்டில் பெரும் போராட்டம் வெடித்தது. இரண்டே மாதத்தில், 1951 ஜூனில், அரசியலமைப்பின் முதல் திருத்தம் வந்தது. பிரிவு 15(4) சேர்க்கப்பட்டது. சமூகரீதியாகவும் கல்வியிலும் பின்தங்கிய வகுப்பினருக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் அரசு சிறப்பு ஏற்பாடு செய்யலாம் என்றது அந்தப் பிரிவு.

வித்தியாசம் எளிமையானது. பாகுபாடு ஒருவரை வெளியே தள்ளுகிறது. இடஒதுக்கீடு வெளியே தள்ளப்பட்டவரை உள்ளே கொண்டுவருகிறது. ரெண்டுக்கும் சாதிச் சான்றிதழ்தான் அடையாளம் என்பதால் ரெண்டும் ஒண்ணாகிவிடாது.

தீர்ப்பு வந்தா போதுமா?

போதாது என்பதை அமெரிக்கா காட்டியது. 1957-ல் ஆர்கன்சாஸ் மாநிலத்தின் லிட்டில் ராக் நகரில் 9 கறுப்பின மாணவர்கள் பள்ளிக்குள் போக, அதிபர் ஐசன்ஹோவர் ராணுவத்தையே அனுப்ப வேண்டியிருந்தது. வர்ஜீனியாவின் பிரின்ஸ் எட்வர்ட் கவுண்டியில் அதைவிடக் கொடுமை. சேர்ந்து படிக்க வைப்பதற்குப் பதிலாக 1959 முதல் 1964 வரை அரசுப் பள்ளிகளையே இழுத்து மூடிவிட்டார்கள். வெள்ளையர் பிள்ளைகள் தனியார் பள்ளிக்குப் போனார்கள். கறுப்பினப் பிள்ளைகள் பலருக்கு ஐந்து வருஷப் படிப்பு போச்சு. தார்வாடில் பம்பாய் அரசு சொன்ன அதே பயம்தான், வேற ஊர்ல.

இந்தியாவில் 1955-ல் தீண்டாமைக் குற்றச் சட்டம் வந்தது. 1976-ல் திருத்தப்பட்டு குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டம் என்று பெயர் மாறியது. இதன் 5-வது பிரிவு ரெண்டு விஷயம் சொல்கிறது. ஒண்ணு, தீண்டாமை காரணமாகக் கல்வி நிறுவனத்திலோ விடுதியிலோ சேர்க்க மறுப்பது குற்றம். ரெண்டு, சேர்த்த பிறகு பாகுபாடு காட்டுவதும் குற்றம். தண்டனை 1 மாதம் முதல் 6 மாதம் வரை சிறை, கூடவே 100 முதல் 500 ரூபாய் அபராதம்.

இந்த ரெண்டாவது பகுதிதான் முக்கியம். சேரன்மாதேவிப் பந்தியை நேரடியாகத் தொடுகிற வாசகம் இது.

1989-ல் வந்த வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இன்னும் கடுமையானது. 2016 ஜனவரி முதல் அமலுக்கு வந்த திருத்தத்தின்படி, பட்டியல் சாதி அல்லது பழங்குடியினரைக் கல்வி நிறுவனத்துக்குள் நுழையவிடாமல் தடுப்பது இந்தச் சட்டத்தின் கீழும் குற்றம். தண்டனை 6 மாதம் முதல் 5 வருஷம் வரை சிறை.

2010 ஏப்ரல் 1 முதல் அமலில் இருக்கும் கல்வி உரிமைச் சட்டமும் இருக்கு. நலிந்த பிரிவுக் குழந்தைகள் பாகுபாட்டுக்கு ஆளாகாமல் படிப்பை முடிப்பதை உறுதி செய்வது அரசின் கடமை என்கிறது. தனியார் பள்ளிகளில் 25 சதவீத இடத்தை நலிந்த பிரிவினருக்குக் கொடுக்கணும் என்பதும் இந்தச் சட்டம்தான். 2012 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. அந்தத் தீர்ப்பில் அரசு உதவி பெறாத சிறுபான்மைப் பள்ளிகளுக்கு விலக்கு தரப்பட்டது. அப்படிச் சேரும் குழந்தைகளைத் தனி வகுப்பிலோ தனி நேரத்திலோ உட்கார வைக்கக் கூடாது என்று விதிகளே சொல்கின்றன.

இவ்வளவு சட்டம் இருந்தும் நாங்குநேரி எப்படி நடந்தது?

2023 ஆகஸ்ட் 9. திருநெல்வேலி மாவட்டம் நாங்குநேரியில் பிளஸ் டூ படிக்கும் பட்டியல் சாதி மாணவர் ஒருவரை, அவருடன் படித்த மாணவர்களே வீடு புகுந்து அரிவாளால் வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கைக்கும் வெட்டு. பள்ளியில் தனக்கு நடந்த சாதித் தொந்தரவு பற்றிப் புகார் சொன்னதுதான் அந்த மாணவர் செய்தது.

யாரும் அவருக்கு அட்மிஷன் மறுக்கவில்லை. ஒரே பள்ளிதான். ஆனா பள்ளிக்குள் இன்னொரு பள்ளி நடந்துகொண்டிருந்தது. கையில் கட்டும் கயிறு என்ன நிறம், நெற்றியில் என்ன பொட்டு, எந்தத் தெருவிலிருந்து வருகிறாய் என்று கேட்கும் பள்ளி அது.

கயிறு விவகாரம் புதுசும் இல்லை. 2019 ஜூலையிலேயே பள்ளிக் கல்வித்துறை, சாதியைக் காட்டும் வண்ணக் கயிறுகளைத் தடுக்கச் சொல்லிச் சுற்றறிக்கை அனுப்பியது. எதிர்ப்பு வந்ததும், பழைய நடைமுறையே தொடரும் என்று அன்றைய அமைச்சர் சொன்னார். சுற்றறிக்கை காகிதத்தோடு போனது.

குழந்தைகளோடு நின்றுவிடுவதும் இல்லை. 2018-ல் திருப்பூர் மாவட்டம் திருமலைக்கவுண்டன்பாளையம் அரசுப் பள்ளியில் பட்டியல் சாதிப் பெண் ஒருவர் சத்துணவு சமைக்கக் கூடாது என்று சில பெற்றோர் பிரச்சினை செய்தார்கள். அவரை இடமாற்றம் செய்து, கண்டனம் எழுந்த பிறகு அதே பள்ளியில் மறுபடி பணியமர்த்தினார்கள்.

நீதிபதி சந்துரு குழு என்ன சொன்னது?

நாங்குநேரிக்குப் பிறகு, ஓய்வுபெற்ற உயர் நீதிமன்ற நீதிபதி கே. சந்துரு தலைமையில் தமிழ்நாடு அரசு ஒருநபர் குழு அமைத்தது. 600 பக்கங்களுக்கு மேல் இருந்த அறிக்கையை 2024 ஜூன் 18-ல் முதல்வர் மு.க. ஸ்டாலினிடம் கொடுத்தார். அதில் உள்ள பரிந்துரைகள் சில:

• பள்ளிப் பெயர்களில் இருக்கும் சாதி அடையாளங்களை நீக்கணும்.
• சாதியைக் காட்டும் கயிறு, மோதிரம், நெற்றிக் குறி ஆகியவற்றுக்குத் தடை.
• வருகைப் பதிவேட்டில் மாணவர்களின் சாதி விவரம் இருக்கக் கூடாது.
• ஒரு பகுதியில் ஆதிக்கமாக இருக்கும் சாதியைச் சேர்ந்தவரையே அந்தப் பகுதியில் கல்வி அதிகாரியாகவோ தலைமை ஆசிரியராகவோ நியமிப்பதைத் தவிர்க்கணும்.
• 500 மாணவர்களுக்கு மேல் உள்ள பள்ளிகளில் நல அலுவலர் வேணும்.
• பல துறைகளின் கீழ் இருக்கும் பள்ளிகளை ஒரே நிர்வாகத்தின் கீழ் கொண்டுவரணும்.
• பள்ளி முதல் கல்லூரி வரை சாதிப் பாகுபாட்டைத் தடுக்கத் தனிச் சட்டம் வேணும்.

நெற்றிக் குறி, கயிறு பற்றிய பரிந்துரைக்கு அரசியல் எதிர்ப்பும் வந்தது. மத அடையாளத்தைத் தொடுகிறார்கள் என்பது எதிர்ப்பாளர்கள் வாதம். சாதி அடையாளமாக மாறிவிட்ட பொருளைத்தான் சொல்கிறோம் என்பது ஆதரவாளர்கள் வாதம்.

ஆதிதிராவிடர் நலப் பள்ளி: பாதுகாப்பா, ஒதுக்கலா?

இப்போதைய விவாதத்தின் மையமே இந்தக் கேள்விதான். தமிழ்நாட்டில் ஆதிதிராவிடர் நலத்துறை ஆயிரத்துக்கும் மேற்பட்ட பள்ளிகளை நடத்துகிறது. மதுரை, தேனி, திண்டுக்கல் மாவட்டங்களில் கள்ளர் சீரமைப்புப் பள்ளிகள் இருக்கின்றன. 2023-24 பட்ஜெட்டில், பல துறைகளின் கீழ் இருக்கும் பள்ளிகள் பள்ளிக் கல்வித்துறையோடு இணைக்கப்படும் என்று தமிழ்நாடு அரசு அறிவித்தது.

இணைக்கணும் என்பவர்கள் சொல்வது: மாற்றுச் சான்றிதழில் பள்ளிப் பெயரைப் பார்த்ததுமே பிள்ளையின் சாதி தெரிந்துவிடுகிறது. கல்லூரியிலும் வேலையிலும் அந்தப் பெயர் கூடவே வருகிறது. கட்டடம், ஆசிரியர், ஆய்வகம் எதுவானாலும் தனித் துறையின் பள்ளிகளுக்குக் கடைசியில்தான் வந்து சேருகிறது. ஒரு சாதிப் பிள்ளைகள் மட்டுமே உட்காரும் வகுப்பறை யாருக்கும் நல்லதில்லை.

வேண்டாம் என்பவர்கள் சொல்வதையும் தள்ளிவிட முடியாது. பொதுப் பள்ளி விரட்டிய காலத்தில் எங்களை வாரி அணைத்த பள்ளி இது. வீட்டுக்குப் பக்கத்தில் இருக்கிறது. எங்களுக்கென்று ஒதுக்கிய நிதியும் நிலமும் இருக்கு. இணைத்த பிறகு, பிள்ளைகள் குறைவு என்று சொல்லிப் பள்ளியையே மூடினால் என்ன செய்வது? பொதுப் பள்ளியில் எங்கள் பிள்ளைக்கு மரியாதை கிடைக்கும் என்று யார் உத்தரவாதம் தருவார்கள்?

அமெரிக்காவிலும் இதே வலி இருந்தது. பிரவுன் தீர்ப்புக்குப் பிறகு பல ஊர்களில் கறுப்பினப் பள்ளிகள் மூடப்பட்டு, அங்கே வேலை பார்த்த ஆயிரக்கணக்கான கறுப்பின ஆசிரியர்கள் வேலை இழந்தார்கள். சேர்த்து வைக்கும்போது இழப்பு எப்போதும் ஒரே பக்கத்துக்கு விழுந்தால் அது முழு நீதி ஆகாது. அதனால், பெயரை மாற்றுவதோடு நிதி, ஆசிரியர் பணி, பள்ளி இருக்கும் இடம் ஆகிய மூன்றுக்கும் எழுத்துப்பூர்வமான உத்தரவாதம் இருக்கிறதா என்பதைத்தான் பார்க்கணும்.

பெயர் மாற்றம் ஒரு பக்கம் தொடங்கியிருக்கிறது. 2025 ஜூலையில், ஆதிதிராவிடர், பிற்படுத்தப்பட்டோர் நலத்துறைகளின் மாணவர் விடுதிகள் இனி 'சமூகநீதி விடுதிகள்' என்று அழைக்கப்படும் என முதல்வர் அறிவித்தார்.

பள்ளியில் பாகுபாடு நடந்தா யார்கிட்ட போகணும்?

சட்டம் தெரிந்தால் மட்டும் போதாது, கதவு எது என்றும் தெரியணும். ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்:

• முதலில் தலைமை ஆசிரியரிடம் எழுத்தில் புகார் கொடுங்கள். வாய்வார்த்தையாகச் சொன்னால் பிறகு நிரூபிப்பது கஷ்டம். நகலில் கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள்.
• அங்கே நடவடிக்கை இல்லையா? மாவட்ட முதன்மைக் கல்வி அலுவலர், மாவட்ட ஆட்சியர். வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைக் கண்காணிக்கும் மாவட்டக் குழுவுக்குத் தலைவரே ஆட்சியர்தான்.
• கல்வி உரிமைச் சட்டப்படி கொடுக்கும் புகாரை உள்ளாட்சி அமைப்பு 3 மாதத்துக்குள் முடிக்கணும். மேல்முறையீடு மாநிலக் குழந்தைகள் உரிமைப் பாதுகாப்பு ஆணையத்தில்.
• சாதியைச் சொல்லி அவமானப்படுத்தினாலோ, தாக்கினாலோ நேராகக் காவல் நிலையம். வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கில் எப்.ஐ.ஆர். போடுவதற்கு முன் முதற்கட்ட விசாரணை தேவையில்லை என்று சட்டமே சொல்கிறது. விசாரிப்பவர் டி.எஸ்.பி. நிலைக்குக் குறையாத அதிகாரியாக இருக்கணும்.
• உதவி எண்கள்: குழந்தைகளுக்கு 1098, பள்ளிக் கல்வி தொடர்பாக 14417, வன்கொடுமைப் புகாருக்கு 14566.

கடைசியா ஒண்ணு. பாகுபாடு நடந்தது என்று குழந்தை வீட்டில் வந்து சொன்னால், "நீ ஒதுங்கிப் போயிரு" என்பதுதான் பல பெற்றோர் பயத்தில் சொல்லும் முதல் பதில். நாங்குநேரிக்குப் பிறகு அந்தப் பயத்தைக் குறை சொல்லவும் முடியாது. புகார் கொடுத்த பிள்ளைக்குப் பாதுகாப்பு கொடுப்பது பள்ளியின், அரசின் பொறுப்பு. 1856-ல் மனு எழுதிய மாணவருக்குக் கிடைத்த பதில், "உனக்காக மற்றவர்களை இழக்க முடியாது" என்பது. இன்று புகார் எழுதும் மாணவருக்கு என்ன பதில் கிடைக்கிறது என்பதை வைத்துத்தான் இத்தனை சட்டங்களையும் அளக்க முடியும்.